மணலில் ஊன்றிய கால்

கடலுக்கடியில் போடப்படும் அடித்தளங்களையும் நங்கூரங்களையும் பற்றிப் பேசும்படி கேட்டிருக்கிறீர்கள். ராயபுரத்துக்கும் எண்ணூருக்கும் இடையில் வாழ்கிறவர்களுக்கு இது புத்தகத்தோடு நின்றுவிடுகிற பாடமில்லை. இந்தக் கரையில் நூற்றைம்பது ஆண்டுகளுக்கும் மேலாகக் கடலுக்குள் ஏதாவது ஒன்றை ஊன்றிக்கொண்டே இருக்கிறோம். ஒவ்வொரு முறையும் அதன் விளைவைக் கரையில் இருப்பவர்கள் அனுபவித்திருக்கிறார்கள். கடலில் ஒரு பொருளை அசையாமல் நிறுத்துவது அதன் கனம்தான் என்று பொதுவாக நினைக்கிறோம். உண்மையில் அதைத் தாங்குவது கீழே உள்ள தரை. நம் கரையில் அந்தத் தரை மணல், அதிலும் ஓரிடத்தில் நில்லாத மணல். ஆகவே இங்கே கடலில் கால் ஊன்றுகிறவர், தம் காலடி மணலுக்குக் கணக்கு வைப்பதோடு, அடுத்த குப்பத்துக்குப் போய்ச் சேர வேண்டிய மணலுக்கும் கணக்கு வைத்தாக வேண்டும். அந்தக் கணக்கு இல்லாத கட்டுமானத்தை முடிந்த கட்டுமானமாக ஏற்கக் கூடாது. இதுவே நான் நிறுவ விரும்புவது.

முதலில் நங்கூரம். காசிமேட்டில் ஃபைபர் படகின் முன்பக்கம் கிடக்கும் நங்கூரத்தைக் கவனியுங்கள். கட்டடக் கம்பியை வளைத்து நான்கு கொக்கிகளாக்கி, நடுத்தண்டோடு பற்றவைத்தது. ஒரு கையால் தூக்கிவிடலாம். அது படகைப் பிடித்துவைப்பது கனத்தால் என்றால் முதல் அலையிலேயே படகு போய்விடும். கொக்கி மணலில் இறங்கி, முன்னால் உள்ள மணலைத் தள்ளப் பார்க்கிறது. மணல் இடம் கொடுக்க மறுக்கிறது. அந்த மறுப்புதான் பிடி. கடலடிப் பாறையான பார் உள்ள இடத்தில் கொக்கி அதில் மாட்டிக்கொண்டால், பலமாக இழுக்கும்போது கம்பி நிமிர்ந்து விடுபட்டுவிடும். கரைக்கு வந்து மறுபடி வளைத்துக்கொள்ளலாம். எவ்வளவு பிடிக்க வேண்டும், எப்போது விட வேண்டும் என்ற இரண்டையும் கம்பியின் தடிமனிலேயே தீர்மானித்துவைத்த இந்தத் தொழிலறிவுக்கு என் மரியாதை உண்டு. பெரிய கப்பலிலும் நியதி இதுவே. கப்பல் பல்லாயிரம் டன், நங்கூரம் சில டன். கலப்பைக் கொழுவைப் போன்ற அதன் தகடுகள் மண்ணில் புதைய வேண்டுமானால் இழுப்பு படுக்கையாக வர வேண்டும். அதற்காகவே ஆழத்தைப் போல ஐந்து, ஆறு மடங்கு நீளத்துக்குச் சங்கிலியை விட்டு, அதில் ஒரு பகுதியைத் தரையில் படியவைக்கிறார்கள். புயலில் சங்கிலி முழுதும் விறைத்து மேலே எழும்பினால் இழுப்பு மேல்நோக்கித் திரும்பும். கொழு மண்ணைப் பெயர்த்துக்கொண்டு வெளியே வந்துவிடும். சாதாரணக் கப்பல் நங்கூரம் நல்ல மணலில் தன் எடையைப் போலச் சில மடங்கு இழுப்பைத் தாங்கும்; மிதக்கும் எண்ணெய் மேடைகளுக்காக வடிவமைக்கப்பட்ட அகன்ற கொழு நங்கூரங்கள் இருபது, முப்பது மடங்கைத் தாங்குகின்றன. இரண்டும் இரும்புதான். மண்ணைப் பிடிக்கும் விதத்தில்தான் வேறுபாடு. 2012 அக்டோபர் 31 அன்று நீலம் புயலில் சென்னைக்கு வெளியே நங்கூரமிட்டிருந்த பிரதிபா காவேரி என்ற எண்ணெய்க் கப்பல் நங்கூரத்தோடு இழுபட்டுப் பெசன்ட் நகர் கரையில் தரைதட்டியதை நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். உயிர்காப்புப் படகு கவிழ்ந்து மாலுமிகள் இறந்தார்கள். அந்தக் கப்பலில் இரும்புக்குக் குறைவில்லை. தரையின் பிடி போய்விட்டது.

கனத்தை நம்புவதில் இன்னொரு ஏமாற்றமும் இருக்கிறது. ஒரு கன மீட்டர் காங்கிரீட் தரையில் ஏறத்தாழ 2.4 டன். அதையே கடலுக்குள் இறக்கினால், நீர் தாங்கும் பங்கு போக 1.4 டன்தான் மிஞ்சும். கருங்கல்லுக்கும் இதே கதி. கரையில் லாரியிலிருந்து கொட்டும்போது மலைபோலத் தெரியும் கல், நீருக்குள் போனதும் தன் எடையில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் இழந்துவிடுகிறது. அலை மோதும் வேகத்துக்கு முன் மிஞ்சிய எடை எவ்வளவு தூரம் நிற்கும் என்பதை, மழைக்காலம் முடிந்ததும் எண்ணூர் விரைவுச் சாலையோரம் நடந்தால் தெரிந்துகொள்ளலாம்.

பிடி தருவது கனமில்லை, தரை என்ற உண்மையைப் பொறியியலாக மாற்றியவர்களில் ஒருவர் பார்வையிழந்தவர். அயர்லாந்தில் 1780-ல் பிறந்த அலெக்சாண்டர் மிட்செல், இளவயதிலேயே கண்பார்வை போனவர். 1833-ல் அவர் காப்புரிமை பெற்ற திருகுத்தூண், இரும்புத் தண்டின் அடியில் அகன்ற திருகுத் தகடு பொருத்தப்பட்டது. தரையில் அடித்து இறக்காமல், மேலே குறுக்குக் கட்டைகளை மாட்டி, ஆட்கள் சுற்றி நடந்தே அதைத் திருகி இறக்குவார்கள். கப்பல்களைக் கட்டிவைக்கும் நங்கூரமாகவும் அது பயன்பட்டது, கலங்கரை விளக்கத்தின் அடித்தளமாகவும் பயன்பட்டது. கீழே அமுக்கினாலும் மேலே இழுத்தாலும் தகட்டின் பரப்பில் உள்ள மண் முழுதும் எதிர்த்து நிற்கும். அடித்தளமும் நங்கூரமும் ஒரே பொருளின் இரண்டு வேலைகள் என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்டும் கருவி வேறில்லை. மிட்செலின் திருகுத்தூண்கள் பயன்பட்ட இடங்களில் சென்னையும் ஒன்று. அதுவரை இங்கே துறைமுகமே கிடையாது. கப்பல்கள் திறந்த கடலில் நங்கூரமிடும். ஆணி அடிக்காமல் கயிற்றால் தைத்த மசூலா படகுகள் அலையை உடைத்துக்கொண்டு போய் ஆட்களையும் சரக்கையும் இறக்கிவரும். 1861-ல் திருகுத்தூண்களின் மேல் இரும்புப் பாலத்துறை ஒன்று கடலுக்குள் நீண்டது. கால்களுக்கு இடையில் திறப்பு இருந்ததால் அலையும் போனது, மணலும் போனது. இந்தக் கடைசி விவரம் முக்கியமானது. அந்தப் பாலத்துறையின் மிகப் பெரிய நற்குணம் அது என்று இன்று பின்னோக்கிப் பார்க்கும்போது எனக்குத் தோன்றுகிறது.

“அப்படிப்பட்ட பாலத்துறை நிலைத்ததா?” என்று கேட்பீர்கள். நிலைக்கவில்லை. 1868-லும் 1872-லும் புயல்கள் அதைச் சிதைத்தன. 1872 மே மாதப் புயலில் வெளியே நங்கூரமிட்டிருந்த கப்பல்கள் பல அறுத்துக்கொண்டு கரையில் மோதின. பாலத்துறையால் சரக்கு இறக்க முடியும். கப்பலுக்கு அடைக்கலம் தர முடியாது. ஆகவே மூடிய துறைமுகம் வேண்டும் என்ற முடிவு தவறென்று நான் சொல்லமாட்டேன். துறைமுகம் இல்லாமல் இந்த நகரமும் இல்லை, வடசென்னையின் வேலைவாய்ப்பும் இல்லை. 1875 டிசம்பரில் வேல்ஸ் இளவரசர் அடிக்கல் நாட்ட, வில்லியம் பார்க்ஸின் திட்டப்படி இரண்டு சுவர்கள் ஏறத்தாழ ஆயிரம் கஜ இடைவெளியில் கடலுக்குள் நீண்டன. வாய் கிழக்கே பார்த்தது. கடல் தரையில் கல்லைக் கொட்டி மேடாக்கி, அந்த மேட்டின் மேல் காங்கிரீட் பாளங்களை அடுக்கும் முறை. வேலை முடியும் தறுவாயில், 1881 நவம்பர் புயல் மேல் அடுக்குகளைச் சரித்துத் தள்ளியது. திரும்பக் கட்டி முடிக்க இன்னும் பதினைந்து ஆண்டுக்கு அருகில் ஆனது. கட்டியவர்கள் கனத்தை நம்பினார்கள்; அலை அந்தக் கனத்தை அளந்து காட்டியது. ஆனாலும் பாளங்களைத் திரும்ப அடுக்கிவிடலாம். அதைவிடப் பெரிய தவறு சத்தமில்லாமல் நடந்துகொண்டிருந்தது.

நம் மீனவர்கள் தெற்கிலிருந்து வடக்கே ஓடும் நீரோட்டத்தைத் தெண்டி என்றும், வடக்கிலிருந்து தெற்கே ஓடுவதை வன்னி என்றும் சொல்வார்கள். தென்மேற்குக் காற்றுக்காலத்து அலைகள் கரையோர மணலை வடக்கே தள்ளுகின்றன. வடகிழக்குப் பருவமழைக் காலத்தில் அது தெற்கே திரும்புகிறது. வடக்கே போவதே அதிகம். வரவு செலவு போக ஆண்டுதோறும் பல லட்சம் கன மீட்டர் மணல் சென்னையைக் கடந்து வடக்கே போக வேண்டும். அந்தப் பாதையின் குறுக்கே இரண்டு கற்சுவர்கள் விழுந்தன. தெற்கிலிருந்து வந்த மணல் அங்கேயே நின்றது. ஒருகாலத்தில் கோட்டைக்கு மிக அருகில் இருந்த கடல் விலகிப் போனது. 1880-களில் உலாச்சாலை அமைந்த மெரினாவின் மணல்வெளி அகன்றுகொண்டே போனது. உலகமே பார்க்க வரும் அந்த அகலத்தின் பெரும்பங்கு ராயபுரத்துக்கும் திருவொற்றியூருக்கும் வந்து சேர வேண்டிய மணல். இதைச் சொல்லும்போது எனக்கு மெரினாமேல் வருத்தமில்லை. மணல் எங்கிருந்து எங்கே போக வேண்டியது என்பது கணக்கில் ஏற வேண்டும் என்பதுதான் என் கோரிக்கை. 1904-ல் துறைமுகப் பொறுப்பை ஏற்ற சர் பிரான்சிஸ் ஸ்பிரிங்கை நாம் கணிதமேதை ராமானுஜனுக்கு எழுத்தர் வேலை கொடுத்த அலுவலகத்தின் தலைவராக மட்டும் நினைவில் வைத்திருக்கிறோம். கிழக்கு வாயை அடைத்து வடகிழக்கே திருப்பியவரும் அவரே. அலையும் மணலும் துறைமுகத்தின் வாய்க்குள் புகுந்ததே காரணம். சென்னைத் துறைமுகத்தருகே கரையோர மணல் நகர்வதைப் பற்றி 1913-ல் லண்டன் சிவில் பொறியாளர் கழகத்தின் வெளியீட்டில் கட்டுரை எழுதினார். ஆக, மணல் நகர்கிறது என்பது நேற்றுக் கண்டுபிடித்த செய்தியில்லை. நூறாண்டுக்கு மேலாக எழுத்தில் இருக்கிறது. துறைமுகத்தின் வாயைக் காப்பாற்ற அந்த அறிவு பயன்பட்டது. வடக்குக் கரையைக் காப்பாற்றப் பயன்படவில்லை.

அரிப்பு எப்படி நடக்கிறது என்பதைப் பார்க்கக் கருவி எதுவும் தேவையில்லை. கரையில் முழங்காலளவு நீரில் நில்லுங்கள். அலை திரும்பும்போது குதிகாலின் இரண்டு பக்கமும் நீர் சுழித்துப் பாயும். அடியில் மணல் கரைந்து கால் ஒரு விரற்கடை இறங்கும். கடலில் ஊன்றிய தூணுக்கும் அதே கதிதான். நீரோட்டம் தூணில் மோதிக் கீழ்நோக்கித் திரும்பி, அடியில் லாட வடிவச் சுழலாகி மணலைத் தோண்டும். தூணின் விட்டத்தைப் போல ஒன்றரை முதல் இரண்டு மடங்கு ஆழம் வரை பள்ளம் விழலாம். கற்குவியலிலும் இதுவே நடக்கும். பெரிய கல்லை நேராக மணலின் மேல் போட்டால், இடுக்குகள் வழியாக அலை மணலை உறிஞ்சி எடுக்கும். கல் அடியில் இறங்கும். அதனால்தான் முதலில் வடிகட்டித் துணி அல்லது சிறுகல், அதன்மேல் நடுத்தரக் கல், வெளியே பெரிய கல் என்று அடுக்கு வைக்கிறார்கள். கடலை நோக்கிய அடிவிளிம்பை அகலமாக விடுகிறார்கள். ராயபுரம் முதல் எண்ணூர் வரை பல்லாண்டுகளாக அவசரத்தில் கொட்டிய கற்களில் பெரும்பகுதி எங்கே என்று கேட்டால், மண்ணுக்குள் என்பதே பதில். அப்படிக் கொட்டியதும் சாலையைக் காக்கத்தான். படகை ஏற்ற, வலையை உலர்த்த, மீனைக் கொட்ட மணல் வேண்டும். கல் நின்ற இடத்தில் சாலை பிழைத்தது, துறை போனது. ஒரு குப்பத்தின் தொழிலுக்கு அந்த மணல்தான் அடித்தளம் என்பதை எந்த மதிப்பீட்டிலும் நான் பார்த்ததில்லை.

கரையிலிருந்து கடலுக்குள் நீளும் கற்சுவர்களான தூண்டில் வளைவுகள் வந்த பிறகு நிலைமை மாறிவிட்டதே என்ற வாதத்தை நான் மதிக்கிறேன். 2004-ஐ ஒட்டித் தொடங்கி இந்தக் கரையில் வரிசையாகப் போடப்பட்ட தூண்டில் வளைவுகள் பல இடங்களில் மணலைப் பிடித்தன. அவற்றின் மறைவில் ஃபைபர் படகுகள் கரையேறுகின்றன. அந்த நன்மையை மறுப்பது அங்கே வாழ்கிறவர்களுக்குச் செய்யும் அநியாயம். ஆனால் தூண்டில் வளைவு மணலைப் படைப்பதில்லை. வருகிற மணலில் ஒரு பங்கை நிறுத்தி வைக்கிறது. நிறுத்திய பங்கு அடுத்த குப்பத்துக்குக் குறைகிறது. அதனால்தான் திருவொற்றியூரில் போட்டால் எர்ணாவூர் குப்பத்தில் கேட்கிறார்கள், அங்கே போட்டால் எண்ணூர் சின்னக்குப்பத்திலும் பெரியக்குப்பத்திலும் கேட்கிறார்கள். கேட்பவர்கள்மேல் தவறில்லை. பற்றாக்குறையை ஒருவரிடமிருந்து இன்னொருவருக்கு மாற்றிக் கொடுக்கும் முறையில் வேறு வழி அவர்களுக்கு இல்லை.

தொழில்நுட்பம் வளர்ந்துவிட்டது, இனி இந்தக் கவலை எதற்கு என்பது அடுத்த வாதம். வளர்ந்திருப்பது உண்மை. இன்று கப்பல் அணையும் மேடைகள் பெரும்பாலும் துளையிட்டு வார்த்த காங்கிரீட் தூண்களின் மேல் நிற்கின்றன. இரும்பு உறையை மண்ணில் இறக்கி, உள்ளே தோண்டி, கம்பிக்கூட்டை இறக்கி, ட்ரெமி குழாய் வழியாக அடியிலிருந்து காங்கிரீட்டை நிரப்புகிறார்கள். குழாயின் நுனி எப்போதும் ஈரக் காங்கிரீட்டுக்குள் அமிழ்ந்திருக்க வேண்டும். அவசரத்தில் ஒரு சாண் அதிகமாகத் தூக்கிவிட்டால் தண்ணீர் புகுந்து சிமென்ட்டைக் கழுவிவிடும். மேலே எதுவும் தெரியாது, தூண் நடுவில் ஒடிந்ததற்குச் சமம். மிதக்கும் அமைப்புகளிலும் முன்னேறியிருக்கிறோம். பள்ளிக்கரணையில் உள்ள தேசியக் கடல்சார் தொழில்நுட்பக் கழகம் 2007-ல் சென்னையிலிருந்து ஏறத்தாழ 40 கிலோமீட்டர் தொலைவில், ஆயிரம் மீட்டர் ஆழக் கடலில் ஒரு தெப்பத்தை நங்கூரக் கயிற்றில் நிறுத்தி, ஆழ்கடலின் குளிர்நீரைக் கொண்டு நாளொன்றுக்குப் பத்து லட்சம் லிட்டர் நன்னீர் எடுக்கும் முறையைச் செய்து காட்டியது. இவை எல்லாம் பெருமைக்குரியவை. ஆனால் இவை பதில் சொல்வது தூண் நிற்குமா, தெப்பம் நிற்குமா என்ற கேள்விக்கு மட்டும்தான். தூண் மேடை மணலுக்கு வழிவிடுகிறது. அந்த மேடைக்கு அமைதியான நீர் தருவதற்காகப் போடும் நீண்ட கற்சுவர் வழிவிடுவதில்லை. 2001-ல் திறந்த எண்ணூர்த் துறைமுகத்தின், இன்றைய காமராசர் துறைமுகத்தின், சுவர்களுக்குத் தெற்கே முகத்துவாரப் பக்கம் மணல் சேர்ந்தது. வடக்கே காட்டுப்பள்ளிக் கரை தேய்ந்தது. சென்னையில் 19-ஆம் நூற்றாண்டில் நடந்ததன் மறுபதிப்பு இது. தூண் வார்ப்பதில் வந்த முன்னேற்றம் மணல் கணக்கில் வரவில்லை.

ஆறுகளில் அணை கட்டினோம், மணல் அள்ளினோம், கடல்மட்டம் உயர்கிறது, புயல்கள் கடுமையாகின்றன. எல்லாவற்றையும் துறைமுகச் சுவர்மேல் போடலாமா என்று கேட்பவர்களும் உண்டு. அந்தக் காரணங்களையும் நான் ஏற்கிறேன். ஆனால் அவை மட்டுமே காரணமாக இருந்தால் கூவத்துக்குத் தெற்கேயும் வடக்கேயும் கரை ஒரே மாதிரி தேய வேண்டும். சுவரின் தென்புறம் கரை வளர்ந்து வடபுறம் தேய்ந்ததற்கு, அந்தச் சுவரைத் தவிர வேறு விளக்கம் இல்லை. இதே கிழக்குக் கரையில் வேறு விதமாக நடந்ததற்கும் சான்று இருக்கிறது. 1933-ல் திறந்த விசாகப்பட்டினம் துறைமுகத்தில், வாய்க்குத் தெற்கே இரண்டு பழைய கப்பல்களைக் கல் நிரப்பி மூழ்கடித்துத் தடுப்பாக்கினார்கள். அதன் மறைவில் படியும் மணலைத் தோண்டி, வடக்கே உள்ள கடற்கரைக்கு அனுப்புவதை வழக்கமான வேலையாக வைத்துக்கொண்டார்கள். அங்கும் அரிப்பு இல்லாமல் இல்லை. ஆனால் மணலுக்கு ஒரு பொறுப்பாளர் இருக்கிறார். புதுச்சேரியில் 1980-களின் பிற்பகுதியில் துறைமுகச் சுவர் வந்தபோது மணலை மாற்றிவிடும் ஏற்பாடு திட்டத்திலேயே இருந்தது. அது ஒழுங்காக நடக்காததால் நகரத்தின் கடற்கரை காணாமல் போய்க் கருங்கல் அணை மட்டும் நின்றது. 2018-ல் ஆப்பு வடிவ இரும்புப் பெட்டகத்தை நீருக்கடியில் அமர்த்தி, மணலையும் கொட்டியபோது கரை திரும்பிவந்தது. மூழ்கிய அந்தப் பெட்டகமும் அடித்தளம்தான். மணல் தன் பக்கம் தங்குவதற்கு என்றே போட்ட அடித்தளம்.

மிஞ்சி நிற்கும் ஆட்சேபம் செலவு. மணலை ஆண்டுதோறும் சுவரைத் தாண்டி அனுப்ப யார் பணம் கொடுப்பது? துறைமுகக் கால்வாயைத் தூர்வாரப் பணம் கொடுக்கிறோம், அது இல்லாமல் கப்பல் வராது என்பதால். கரைக்கு மணல் அனுப்புவதும் அதே சுவரின் பராமரிப்புதான். ஒன்றைத் துறைமுகக் கணக்கிலும் மற்றொன்றை மீனவர் கணக்கிலும் எழுதுவது நியாயமில்லை. தூர்வாரும் மண் எல்லாம் மணல் இல்லை, சேறும் சாம்பலும் கலந்தது என்று சொல்லக்கூடும். எண்ணூர்க் கழிமுகத்தில் அது நியாயமான எச்சரிக்கை. சோதித்துப் பார்த்து, சுத்தமான மணலை மட்டும் கரைக்கு அனுப்புங்கள். தெற்கே தேங்கிக் கிடக்கும் மணலைச் சோதிக்க யாரும் தடையாக இல்லையே.

இங்கே கடல்சார் பொறியியல் படிக்கும் மாணவர்கள் இருக்கிறீர்கள், துறை அதிகாரிகளும் இருக்கிறீர்கள். உங்களிடம் ஒன்றுதான் கேட்கிறேன். காசிமேடு முதல் காட்டுப்பள்ளி வரை, வன்னிக் காலம் தொடங்குமுன் ஒருமுறையும் முடிந்தபின் ஒருமுறையும் கடல் தரையையும் கரையின் அகலத்தையும் அளந்து, அந்த எண்களைத் தமிழில் ஒவ்வொரு குப்பத்தின் ஏலக் கூடத்திலும் ஒட்டிவையுங்கள். அடுத்த தூண்டில் வளைவுக்குக் கல் லாரி வந்து நிற்பதற்கு முன், அதற்கு வடக்கே உள்ள குப்பத்துக்கு எவ்வளவு மணல் குறையும், அதை யார் எப்போது கொண்டுவந்து கொட்டுவார்கள் என்பதை வரைபடத்தின் மேலேயே எழுதிக் கையெழுத்திடுங்கள்.